தோட்டக் கூட்டுறவுத் தேர்தல் தகராறு: கோர்ட்டுக்குப் போகும் முன் கேட்கப்படும் கேள்விகள்

நான் வழக்கறிஞர் இல்லை. கோலாலம்பூரில் ஒரு லாயர் ஆபீசில் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவன். கோர்ட் ஜாலான் டூத்தாவுக்கு மாறிய 2007-க்கும் முன்பிருந்தே ஃபைல் தூக்கியவன். அப்பாவும் அம்மாவும் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டி, மாதாமாதம் சம்பளத்தில் கட்டித்தான் கூட்டுறவுச் சங்கத்தில் பங்கு வாங்கினார்கள். பிறகு நானும் உறுப்பினரானேன். கோர்ட்டும் தெரியும், சங்கமும் தெரியும் என்பதால் மே, ஜூன் மாதங்களில் என் போன் ஓயாது. நிதியாண்டு முடிந்து 6 மாதத்துக்குள் ஆண்டுப் பொதுக்கூட்டம் நடத்தியாக வேண்டும் என்பதால், டிசம்பரில் கணக்கு முடிக்கும் சங்கங்கள் எல்லாம் அப்போதுதான் மண்டபம் தேடும். தேர்தலும் அன்றைக்குத்தான். திட்டு, தள்ளுமுள்ளு எல்லாம் முடிந்து வீட்டுக்கு வந்த பிறகு எனக்குப் போன் செய்வார்கள்.

அண்ணே, எங்கள் சங்கத் தேர்தலில் மோசடி நடந்தது. ஆர்.ஓ.எஸ்.-இல், அதாவது சங்கப் பதிவிலாகாவில், புகார் கொடுக்கலாமா?

கொடுத்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். கோயில் நிர்வாகம், கட்சி எல்லாம் 1966-ஆம் ஆண்டுச் சங்கங்கள் சட்டத்தின் கீழ் ஆர்.ஓ.எஸ்.-இல் பதிவானவை. கூட்டுறவு அங்கே இல்லை. அது 1993-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் கீழ் வருவது. 2008 முதல் அதைக் கண்காணிப்பது மலேசியக் கூட்டுறவுச் சங்க ஆணையம், அதாவது எஸ்.கே.எம். தமிழில் இரண்டையும் நாம் 'சங்கம்' என்றே சொல்வதால் வரும் குழப்பம் இது. பெயர் 'கோப்பராசி' என்று தொடங்கி 'பெர்ஹாட்' என்று முடிந்தால், போக வேண்டிய இடம் எஸ்.கே.எம். தலைமையகம் புக்கிட் டாமன்சாராவில் இருக்கிறது. மாநிலங்களிலும் அலுவலகம் உண்டு.

நெல், காய்கறி போடுபவர்கள் சேர்ந்திருக்கும் 'பெர்துபோஹான் பெலாடாங்' இன்னொரு தினுசு. அதற்கு 1973-ஆம் ஆண்டு விவசாயிகள் அமைப்புச் சட்டம் என்று தனிச் சட்டம் இருக்கிறது. அங்கே தகராறு வந்தால் பார்க்க வேண்டியது அந்தச் சட்டத்தின் பதிவாளரை. மீதிக் கேள்விகளில் நான் சொல்வதெல்லாம் கூட்டுறவைப் பற்றித்தான்.

நிலம் சங்கத்தின் பேரில்தானே இருக்கிறது? ஒரு தேர்தலுக்கு ஏன் இவ்வளவு சண்டை?

வயதானவர்களைக் கேட்டுப் பாருங்கள், தெரியும். 1950-களில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றுவிட்டுக் கிளம்பியபோது, வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு போட்டு விற்றார்கள். லயத்து வீடும் (தொழிலாளர்களின் வரிசை வீடும்) வேலையும் ஒரே நாளில் போயின. அதைத் தடுக்கத்தான் அப்போது அமைச்சராக இருந்த துன் வீ.தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தோட்டத் தொழிலாளி மாதம் 10 வெள்ளி (அன்றைய மலாயா டாலர்) கட்டிப் பங்குதாரர் ஆகலாம் என்றார். கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டம்தான் அவர்கள் முதலில் வாங்கியது. அதைப் பார்த்து வேறு கூட்டுறவுகளும் நிலம் வாங்கின.

அன்று ரப்பர், இன்று செம்பனை. பட்டணம் நெருங்கி வந்துவிட்ட இடங்களில் குலை விலையைவிட மண்ணின் விலை பெரிது. விற்பதா, வீடு கட்டுவதா, மறுநடவு செய்வதா என்பதையெல்லாம் முதலில் பேசுவது சங்கத்தை நடத்தும் வாரியம். அந்த வாரியத்துக்கு 6 பேர் முதல் 15 பேர் வரைதான். இத்தனைக்கும் பங்கு எவ்வளவு இருந்தாலும் ஆளுக்கு ஒரே ஓட்டு. வேலையை மேற்பார்த்த மண்டோருக்கும் ஒன்று, மரம் வெட்டியவருக்கும் ஒன்று. கம்பெனியில் பங்கை வாங்கிக் குவித்து ஜெயிக்கலாம், இங்கே ஆள் சேர்த்துத்தான் ஜெயிக்க வேண்டும். தகராறு முழுவதும் 'யார் ஆள், யார் ஆள் இல்லை' என்பதில் வந்து நிற்பதற்கு இதுதான் காரணம்.

நேராகக் கோர்ட்டுக்குப் போகலாமா?

போகலாம், ஆனால் அங்கே கேட்கும் முதல் கேள்விக்குப் பதில் வைத்திருக்க வேண்டும்: "ஏன் தீர்ப்பாயத்துக்குப் போகவில்லை?"

கூட்டுறவுச் சட்டத்தின் 82-ஆம் பிரிவு, சங்கத்தின் அமைப்பு, பொறுப்பாளர் தேர்தல், பொதுக்கூட்டம் நடந்த விதம், நிர்வாகம் ஆகியவற்றில் உறுப்பினர்களுக்குள்ளோ உறுப்பினருக்கும் சங்கத்துக்கும் இடையிலோ தகராறு வந்தால் அதை எங்கே கொண்டுபோவது என்று சொல்கிறது. அந்த இடம் கூட்டுறவுத் தீர்ப்பாயம், மலாயில் 'திரிபுனல் கோப்பராசி'. தேர்தல் என்ற சொல்லே அந்தப் பிரிவில் இருப்பதால், உங்கள் தகராறு அதற்குள் அப்படியே அடங்கும். அந்தப் படியைத் தாண்டிக் குதித்து உயர் நீதிமன்றத்தில் நின்றால், வழக்கின் உள்ளே போகும் முன்பே எதிர்த்தரப்பு லாயர் இதை எடுத்து வீசுவார். மாதக்கணக்கில் 'வழி சரியா, தவறா' என்றே வாதாடிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

சங்கத்தின் உள்விவகாரத்தில் தலையிட நீதிபதிகளுக்கு இயல்பாகவே மனம் வராது. பெரும்பான்மை எடுத்த முடிவைப் பெரும்பான்மையே சரிசெய்துகொள்ளட்டும் என்பது 1843-இல் இங்கிலாந்தில் ஃபாஸ் - ஹார்பாட்டில் வழக்கிலிருந்து வரும் பழைய எண்ணம். அதற்கு விலக்கு உண்டு. உங்கள் சொந்த உரிமை, அதாவது ஓட்டுப் போடும் உரிமையோ வேட்பாளராக நிற்கும் உரிமையோ பறிபோனால், அது உள்விவகாரம் மட்டும் இல்லை. ஆகவே மனுவில் "சங்கத்துக்கு அநியாயம்" என்று எழுதுவதைவிட "என் வேட்புமனுவை விதி இன்னதை மீறித் தள்ளினார்கள்" என்று எழுதுவதற்குக் கனம் அதிகம்.

கூட்டம் அடுத்த ஞாயிறு. அதற்குள் ஸ்டே வாங்க முடியுமா?

முடியும், ஆனால் நினைப்பது போல் சுலபம் இல்லை. எதிர்த்தரப்பைக் கேட்காமல் அவசரமாகத் தரும் தடையுத்தரவு 21 நாளில் தானாகக் காலாவதி ஆகிவிடும். ஒரு வாரத்துக்குள் அதை எதிர்த்தரப்பிடம் சேர்ப்பித்தாக வேண்டும். தனக்குப் பாதகமான விஷயத்தையும் மனுதாரர் மறைக்காமல் சொல்ல வேண்டும். மறைத்தது தெரிந்தால் தடை போய்விடும், பேரும் கெட்டுவிடும்.

இன்னொன்றையும் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும்: தடை தவறு என்று பின்னால் முடிவானால் அதனால் வந்த நட்டத்தை நான் கட்டுகிறேன் என்ற உறுதிமொழி. ஜொகூரிலிருந்து பஸ் பிடித்தாகிவிட்டது, மண்டபத்துக்குப் பணம் கட்டியாகிவிட்டது, சாப்பாட்டுக்குச் சொல்லியாகிவிட்டது. அத்தனையும் உங்கள் தலையில் விழலாம். கூட்டம் நின்றால் லாப ஈவும் நிற்கும். அதை எதிர்பார்த்திருக்கும் பாட்டிமார் உங்களை வாழ்த்தப் போவதில்லை. நீதிபதியும் இந்தக் கஷ்டநஷ்டத்தைத்தான் தராசில் வைப்பார். கூட்டம் நடக்கட்டும், தேர்தல் தவறு என்றால் பிறகு ரத்து செய்துகொள்ளலாம் என்று அவர் நினைத்தால் தடை கிடைக்காது. என் அனுபவத்தில் கூட்டத்துக்கு முந்தைய வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஓடிவந்தவர்களில் பெரும்பாலோர் வெறும் கையோடுதான் திரும்பினார்கள். 'நோட்டீஸ் வந்தே இரண்டு வாரம் ஆகிறதே, இத்தனை நாள் என்ன செய்தீர்கள்?' என்ற கேள்விக்கு அவர்களிடம் பதில் இல்லை.

தேர்தலில் சின்னச் சின்ன விதிமீறல் நிறைய. அது போதுமா?

தனியாகப் போதாது. முடிவை மாற்றும் அளவுக்கு மீறல் இருந்ததா, அல்லது தேர்தல் என்றே சொல்ல முடியாத அளவுக்கு எல்லாம் கோணலா என்பதைத்தான் பார்ப்பார்கள். இதற்கு ஒரு நல்ல உதாரணம், 1973-இல் லண்டன் பெருநகர மன்றத்துக்குக் குரோய்டனில் நடந்த தேர்தல். 44 ஓட்டுச் சீட்டுகளில் அதிகாரி போட வேண்டிய முத்திரை இல்லை என்று தள்ளிவிட்டார்கள். ஜெயித்தவருக்கு 11 ஓட்டு அதிகம். அந்த 44-ஐயும் எண்ணியிருந்தால் தோற்றவர் 7 ஓட்டில் ஜெயித்திருப்பார். மேல்முறையீட்டில் நீதிபதி டென்னிங் பிரபு இருந்த அமர்வு தேர்தலை ரத்து செய்தது. தவறு சிறியது, ஆனால் அது முடிவைத் திருப்பியது.

உங்கள் கணக்கையும் இப்படிப் போட்டுப் பாருங்கள். கடைசி இடத்தில் ஜெயித்தவருக்கும் அடுத்து வந்தவருக்கும் இடையில் 200 ஓட்டு வித்தியாசம், சந்தேகத்துக்குரிய சீட்டு 15 என்றால் வீட்டிலேயே இருந்துவிடுவது நல்லது.

ஐயா, அப்பா தவறிவிட்டார். பங்குக்கு என் பெயரைத்தான் எழுதியிருந்தார். நான் ஓட்டுப் போடலாமா?

இதை எத்தனை முறை சொன்னாலும் மறுபடி கேட்கிறார்கள். வாரிசாக எழுதப்பட்டவருக்குப் போவது பங்கின் மதிப்பு. ஓட்டு அப்பாவோடு போய்விட்டது. நீங்கள் தனியாக உறுப்பினர் விண்ணப்பம் போட்டு, வாரியம் ஏற்றுக்கொண்டு, உங்கள் பெயர் பதிவேட்டில் ஏறினால்தான் ஓட்டு.

தோட்டக் கூட்டுறவில் இது சின்ன விஷயம் இல்லை. அறுபதுகளில், எழுபதுகளில் சேர்ந்தவர்கள்தான் பதிவேட்டில் நிறைய. அவர்களில் பலர் இன்று இல்லை. ஆனால் இறந்ததைச் சங்கத்துக்கு யாரும் சொல்வதில்லை. பெயர் அப்படியே கிடக்கும். அப்பாவின் உறுப்பினர் புத்தகத்தை எடுத்துக்கொண்டு மகன் வருவார், மேசையில் இருக்கும் பையன் அடையாள அட்டையைச் சரியாகப் பார்க்காமல் சீட்டைக் கொடுத்துவிடுவான். மகனுக்குத் தான் செய்தது தப்பு என்றே தெரியாது. நியாயமாக அப்பா ஓட்டை நான் போடுகிறேன் என்றுதான் நினைப்பார். 'செத்தவர் ஓட்டு' என்று கத்துகிறோமே, அதில் பாதி இப்படி வந்தது. மீதிப் பாதியைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை.

எனக்கு நோட்டீசே வரவில்லை. கூட்டம் செல்லாதுதானே?

எந்த முகவரிக்கு அனுப்பினார்கள்? எங்கள் சங்க விதியில் 15 நாள் நோட்டீஸ் என்று இருக்கிறது, பதிவேட்டில் உள்ள முகவரிக்கு அனுப்பினால் போதும் என்றும் இருக்கிறது. என் சித்தப்பாவின் முகவரி இன்னும் 'மூன்றாம் நம்பர் லயம்' என்றே இருந்தது. அந்த லயத்தை இடித்து, மேலே ஹைவே போட்டுப் பல வருஷமாகிறது. நோட்டீஸ் ஒழுங்காகத்தான் போயிருக்கிறது, வாங்கிக்கொள்ளத்தான் அங்கே யாரும் இல்லை. இதில் சங்கத்தைக் குறை சொல்லிப் பயன் இல்லை.

ஒரு குறிப்பிட்ட வட்டாரத்துக்கு மட்டும் நோட்டீஸ் போகவில்லை, அந்த வட்டாரம் எதிரணியின் கோட்டை என்றால் அப்போது கதை வேறு. ஒரே ஊரில் பத்துப் பேரிடம் எழுதி வாங்குங்கள். தபால் அனுப்பிய பட்டியலைச் சங்கத்திடம் எழுத்து மூலம் கேளுங்கள்.

பேராளர் முறையில், அதாவது உறுப்பினர்கள் அனுப்பும் பிரதிநிதிகள் ஓட்டுப் போடும் முறையில், தேர்தல் நடக்கும் சங்கத்தில் எங்கே கவனிக்க வேண்டும்?

வட்டாரக் கூட்டத்தில். அங்கே பேராளர்களைத் தேர்ந்தெடுத்த அன்றே பாதி தேர்தல் முடிந்துவிடும். கோலாலம்பூர் ஹோட்டலில் நடக்கும் பெரிய கூட்டத்தில் வந்து குரல் கொடுப்பவர்கள் பெரும்பாலும் ஒரு மாதம் தாமதமாக வந்தவர்கள்.

மண்டபத்திலேயே தப்பு நடப்பது தெரிகிறது. அங்கேயே என்ன செய்வது?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள். கோர்ட்டில் நான் பார்த்த தேர்தல் வழக்குகளில் ஜெயித்ததும் தோற்றதும் பெரும்பாலும் அந்த ஞாயிற்றுக்கிழமை மண்டபத்திலேயே முடிவானவை.

பட்டர்வொர்த்தில் ஒரு சங்கத்தின் கூட்டம். பெயர் வேண்டாம். சீட்டு வாங்கும் வரிசை வாசல் வரை நிற்கிறது, பக்கத்தில் மீகூன் (அரிசி நூடுல்ஸ்) பொட்டலம் கொடுக்கிறார்கள், எல்லோருக்கும் கண் அங்கே. முன்னாள் தமிழ்ப்பள்ளி ஆசிரியை ஒருவர், நாங்கள் அக்கா என்று கூப்பிடுவோம், மேசைக்கு எதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்தார். ஆண்டறிக்கைப் புத்தகத்தின் பின்னட்டையில், சீட்டு வாங்கும் ஒவ்வொருவருக்கும் ஒரு கோடு போட்டார். நான்கு நேர்க்கோடு, ஐந்தாவது குறுக்குக் கோடு, பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுப்பது போல. கடைசியில் அவருடைய கணக்கு 287. பெட்டியைத் திறந்து எண்ணியபோது 309. அவர் சத்தம் போடவில்லை. மைக்கைக் கேட்டு வாங்கி, "தலைவர் அவர்களே, கொடுத்த சீட்டு எத்தனை, பெட்டியில் இருந்தது எத்தனை என்று இரண்டு எண்ணையும் மினிட் புத்தகத்தில் எழுதுங்கள்" என்றார். உட்கார்ந்துவிட்டார். அவ்வளவுதான்.

அந்தப் பின்னட்டை, குழம்புக் கறையோடு, பிறகு அவருடைய சத்தியப் பிரமாண வாக்குமூலத்தில் இணைப்பாகப் போனது. அதைப் படி எடுத்தவன் நான்.

ஆகவே கூட்டத்தில் நீங்கள் எண்ண வேண்டியது மூன்று எண்: கையெழுத்துப் போட்டு வந்தவர்கள், கொடுத்த சீட்டுகள், பெட்டியில் இருந்த சீட்டுகள். ஆட்சேபத்தை ஓட்டு எண்ணும் முன்பே சொல்லுங்கள். தோற்ற பிறகு சொன்னால் அது வயிற்றெரிச்சலாகத்தான் தெரியும். எண்ணி முடித்த சீட்டுகளை உறையில் போட்டு முத்திரை வைத்துப் பத்திரப்படுத்தச் சொல்லிக் கேளுங்கள், அந்தக் கோரிக்கையும் மினிட்டில் ஏறட்டும். அன்று இரவே செயலாளருக்கு ஒரு கடிதம் எழுதி, மறுநாள் ரெஜிஸ்டர் தபாலில் அனுப்புங்கள். ஒரு பிரதி எஸ்.கே.எம்.-க்கும் போகட்டும். நாற்காலியைத் தூக்கி எறிந்தால் யூடியூப்பில் வருவீர்கள், வழக்கில் அது எதிர்த்தரப்பின் ஆதாரமாக வரும்.

கையில் வீடியோ இருக்கிறது, வாட்ஸ்அப்பில் அவர்கள் பேசிக்கொண்டதும் இருக்கிறது. போதாதா?

உதவும். ஆனால் முழு வழக்கு விசாரணை வந்தால் 1950-ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 90ஏ பிரிவுக்கு வேலை வரும், கணினியிலோ போனிலோ உருவான ஆவணத்துக்குச் சான்றிதழ் கேட்பார்கள். எடுத்த போனை விற்றுவிடாதீர்கள். யார் எடுத்தாரோ அவரே வாக்குமூலம் தர வேண்டும். 'மச்சான் அனுப்பினான், அவனுக்கு யாரோ அனுப்பினார்கள்' என்பது தேநீர்க் கடைக்குத்தான் ஆகும்.

வாக்குமூலத்தைத் தமிழில் எழுதலாமா?

கோர்ட்டில் தாக்கல் செய்வது மலாயில்தான். மலாய் வாசிக்கத் தெரியாத உறுப்பினர் கையெழுத்துப் போடுகிறார் என்றால், சத்தியப் பிரமாண ஆணையர் முன்னிலையில் அவருக்குத் தமிழில் படித்துச் சொல்லி, புரிந்துகொண்டார் என்று எழுத வேண்டும். இதில் சோம்பல் பட்டு வழக்கைக் கெடுத்துக்கொண்டவர்கள் உண்டு. ஒரு பாட்டியைக் குறுக்கு விசாரணையில் "இதில் என்ன எழுதியிருக்கிறது?" என்று கேட்டபோது, "அந்தத் தம்பிதான் கையெழுத்துப் போடச் சொன்னது" என்றார். எங்கள் பெஞ்சில் யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை.

யார் மேல் வழக்குப் போடுவது? தலைவர் மேலா?

கூட்டுறவு சட்டப்படி தனி ஆள் மாதிரி, அதன் பெயரிலேயே வழக்குப் போடலாம். கூடவே ஜெயித்ததாக அறிவிக்கப்பட்டவர்களையும் சேருங்கள். அவர்கள் பதவியைப் பறிக்கக் கேட்கிறீர்கள், அவர்கள் சொல்வதைக் கேட்காமல் யாரும் உத்தரவு தர மாட்டார்கள். தலைவர் மேல் கோபம் என்பதற்காக அவர் ஒருவரை மட்டும் இழுத்துவிட்டு வந்தால் மறுபடி மனுவைத் திருத்த வேண்டிவரும்.

எஸ்.கே.எம். எங்கள் புகாரைத் தள்ளிவிட்டது. அத்தோடு முடிந்ததா?

பொது அமைப்பு எடுத்த முடிவை நீதிமன்றம் சீராய்வு செய்யலாம். 2012-ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளில் ஆணை 53 அதற்குரியது. முதலில் அனுமதி வாங்க வேண்டும், பிறகுதான் வழக்கு. காலக்கெடு 3 மாதம். 'மறுபடி ஒரு கடிதம் போட்டுப் பார்ப்போம்' என்று இழுத்து நாலாவது மாதம் வருகிறவர்கள்தான் அதிகம். கோலாலம்பூர்க்காரர்களுக்கு ஜாலான் டூத்தா, பினாங்குக்காரர்களுக்கு லைட் ஸ்ட்ரீட் உயர் நீதிமன்றம்.

வழக்கு நடக்கும்போது புது வாரியம் தோட்டத்தை விற்றுவிட்டால்?

வழக்கு இருக்கிறது என்பதற்காக வாரியம் கையைக் கட்டிக்கொண்டு உட்காராது. தனி உத்தரவு வேண்டும். முழு வாரியத்தையும் முடக்கச் சொல்லிக் கேட்பதைவிட, நிலத்தை மட்டும் தொடாதிருக்கச் சொல்லிக் கேட்டால் கிடைக்கும் வாய்ப்பு அதிகம். சம்பளம், உரம், குலை லாரி எல்லாம் ஓட வேண்டுமே.

தமிழ்நாட்டில் கூட்டுறவுத் தேர்தல் என்றால் எல்லோரும் ஹைகோர்ட்டுக்குப் போகிறார்களே?

அங்கே சட்டம் வேறு. அங்கேயும் தேர்தல் ஓடிக்கொண்டிருக்கும்போது நடுவில் நிறுத்த நீதிமன்றங்கள் தயங்கும். நாமக்கல்லில் வேட்புமனு தள்ளுபடியான பொன்னுசாமியின் வழக்கில் 1952-இல் இந்திய உச்ச நீதிமன்றம் அதைத்தான் சொன்னது: தேர்தல் முடியட்டும், பிறகு வா. அது சட்டமன்றத் தேர்தல், ஆனால் அதே போக்கு கூட்டுறவுக்கும் வந்தது. தமிழ்நாட்டின் 1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சட்டத்தில் 90-ஆம் பிரிவு, தேர்தல் தகராறை முடிவு அறிவித்த பிறகே பதிவாளரிடம் கொண்டுபோகச் சொல்கிறது. கூட்டுறவுகளுக்காக 97-ஆம் திருத்தமாக அரசியல் சட்டத்திலேயே ஒரு பகுதி சேர்த்தார்கள். மாநிலக் கூட்டுறவுகளைப் பொறுத்தவரை அது செல்லாது என்று 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஊரிலிருந்து மாமா வாட்ஸ்அப்பில் அனுப்பும் தீர்ப்பை இங்கே கொண்டுவந்து நீட்டாதீர்கள்.

செலவு யார் கட்டுவது?

தோற்றவர் ஜெயித்தவருக்குக் கட்டுவது வழக்கம். ஆனால் வாரியம் தன் லாயருக்குக் கொடுப்பது சங்கப் பணத்திலிருந்து, அதாவது உங்கள் பணத்திலிருந்தும்தான். நீங்கள் உங்கள் லாயருக்கும் கொடுத்து, எதிர்த்தரப்பு லாயருக்கும் கொடுக்கிறீர்கள். வேறெந்த வழக்கிலும் இந்த வேடிக்கை இல்லை.

ஜெயித்தால் நான் வாரியத்தில் உட்காரலாமா?

கூட்டல் தவறு மட்டும் என்றால், திருத்திய கணக்குப்படி உட்காரலாம். மற்றபடி பெரும்பாலும் கிடைப்பது மறுதேர்தல். அதில் பழைய ஆட்களே திரும்பி வருவதும் உண்டு.

பட்டர்வொர்த் சங்கத்திலும் மறுதேர்தல்தான் நடந்தது. இரண்டு அணியும் அந்த அக்காவை வேட்பாளராக நிற்கச் சொல்லிக் கேட்டன. அவர் மாட்டேன் என்றுவிட்டார். சீட்டு கொடுக்கும் மேசையில் உட்கார்ந்தார். மீகூன் பொட்டலத்தை எண்ணி முடித்த பிறகுதான் கொடுக்க வேண்டும் என்பது அவர் போட்ட ஒரே நிபந்தனை.